யானைக்குத் தாய்மொழி இல்லை: இராம.நாராயணன் போட்ட கணக்கு

காஞ்சிபுரத்திலிருந்து வேலூர் நெடுஞ்சாலையில் பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர் போனால் பாலுசெட்டிசத்திரம். அதை ஒட்டினாற்போல் திருப்புட்குழி. 108 திவ்யதேசங்களில் ஒன்று, திருமங்கையாழ்வார் பாடிய தலம். சீதையைத் தூக்கிக்கொண்டு போன ராவணனை வழிமறித்துச் சிறகை இழந்த ஜடாயுவுக்கு ராமன் ஈமக்கடன் செய்தது இங்கேதான் என்கிறது தலபுராணம். கும்பகோணம் பக்கத்துப் புள்ளபூதங்குடியும் வைத்தீஸ்வரன்கோயிலும் இதே கதைக்கு உரிமை கொண்டாடுகின்றன. பறவை ஒன்று, தகனம் மூன்று ஊரில். புராணத்தின் மீது யார் வழக்குப் போட முடியும்?

திருப்புட்குழியில் ஜடாயு மட்டுமில்லை. சிதையின் வெக்கை தாங்காமல் விஜயராகவப் பெருமாளின் பக்கத்தில் தேவியர் இடம் மாறிவிட்டார்கள் என்று ஊரில் சொல்வார்கள். மரகதவல்லித் தாயாரிடம் பிள்ளை வரம் கேட்கும் பெண்கள் வறுத்த பயறை மடியில் கட்டிக்கொண்டு தூங்குவார்கள். விடிந்து பார்க்கும்போது பயறு முளை விட்டிருந்தால் வரம் கிடைத்தது என்று அர்த்தம். எல்லாவற்றையும்விட எனக்குப் பிடித்தது கீல் குதிரை. உறுப்புகளைத் தனித்தனியாகச் செதுக்கிக் கீல் போட்டுப் பூட்டிய மர வாகனம் அது. புறப்பாட்டில் நிஜக் குதிரை போலவே அசையும். இதைப்போல் இன்னொன்று செய்து தரச் சொன்னபோது, செய்த கலைஞர் மறுத்து உயிரையே விட்டார் என்றும், அதனால் உற்சவத்தின் எட்டாம் நாள் பெருமாள் அவர் தெருவைத் தேடிப் போகிறார் என்றும் கதை.

இத்தனையும் சொல்லக் காரணம் சினிமா. ஒரு பெண்ணைக் காப்பாற்றப் போய்ச் சாகும் பறவை, அசையும் மரக்குதிரை, வறுத்த பிறகும் முளைக்கும் பயறு. இவற்றைக் கேட்டு வளர்ந்த ஊர்க்காரர்களை டூரிங் டாக்கீஸ் மணலில் உட்கார வைத்து, ஒரு பாம்பு வில்லனைத் தேடிப்பிடித்துக் கொத்துவதைக் காட்டினால், “பாம்புக்கு எப்படி விலாசம் தெரியும்?” என்று யாரும் கேட்கமாட்டார்கள். தமிழில் இந்த ரசிகர்களை மிகச் சரியாக எடைபோட்டவர், எடைபோட்டு அதையே தொழிலாக்கிக்கொண்டவர், காரைக்குடிக்காரரான இயக்குநர் இராம.நாராயணன். 125க்கும் மேற்பட்ட படங்கள், ஒன்பது மொழிகள். தமிழ், தெலுங்கு, கன்னடம், மலையாளம், இந்தி தவிர வங்காளம், ஒடியா, போஜ்புரி வரை போனவர். முதல் படம் 1981-ல், கடைசிப் படம் 2013-ல். கணக்குப் போட்டால் 33 ஆண்டுகள், ஆண்டுக்குச் சராசரி நான்கு படம். நல்ல ஆண்டுகளில் அதற்கும் மேல்.

ஜப்பானில் இப்படிப்பட்ட ஆட்களைத் தனி மரியாதையோடு வைத்திருக்கிறார்கள். அங்கே தகாஷி மீகே என்ற இயக்குநர் நேரடி வீடியோ படங்களில் தொடங்கி, ரவுடிப் படம், பேய்ப் படம், சாமுராய் படம், சிறுவர் படம் என்று கைக்குக் கிடைத்ததையெல்லாம் எடுத்து 2017-ல் நூறாவது படத்தைத் தொட்டபோது, அந்த எண்ணையே விளம்பரமாக வைத்துக் கொண்டாடினார்கள். அவருக்கு முந்திய தலைமுறையில் இஷிரோ ஹோண்டா. 1954 நவம்பரில் வெளியான ‘காட்ஸில்லா’வை எடுத்தவர். போர் முடிந்து ஊர் திரும்பும் வழியில் ஹிரோஷிமாவின் சாம்பலைக் கண்ணால் பார்த்தவர். அதே 1954 மார்ச்சில் பிகினி தீவில் அமெரிக்கா வெடித்த ஹைட்ரஜன் குண்டின் சாம்பல் ஒரு ஜப்பானிய மீன்பிடிப் படகின் மேல் விழுந்து, நாடே கொதித்துக்கொண்டிருந்தது. அந்தப் பயத்துக்கு ஹோண்டா வாலும் முதுகு முள்ளும் கொடுத்தார். எய்ஜி சுபுராயா தந்திரக் காட்சிகளைப் பார்த்துக்கொண்டார். நூறு கிலோ எடைக்குப் பக்கமாக இருந்த ரப்பர் உடைக்குள் ஹருவோ நாகாஜிமா என்ற நடிகர் வியர்த்து வழிந்து நடந்தார். மிருகத்தின் அலறலுக்காக இசையமைப்பாளர் அகிரா இஃபுகுபே பெரிய வயலின் போன்ற டபுள் பாஸின் நரம்புகளைத் தோல் கையுறையால் தேய்த்தார். இரண்டு வருடம் கழித்து ‘ரோடான்’ வந்தது. வானத்தை மறைக்கும் ராட்சசப் பறவை. திருப்புட்குழியில் அதைப் போட்டிருந்தால், அது யார் என்று ஊர் தானாகவே முடிவு செய்திருக்கும்.

இராம.நாராயணனை ஹோண்டாவோடு ஒப்பிடுவதா என்று முகம் சுளிப்பவர்கள் இருப்பார்கள். கலை நயத்தில் ஒப்பிடவில்லை. ஹோண்டாவின் படங்களில் பெரிய ஸ்டூடியோவின் நிதானம் இருந்தது. நம்மவருடைய படங்களில் அவசரம் தெரியும்; ஒட்டுப் போட்ட இடம் தெரியும். நான் ஒப்பிடுவது வேறு ஒன்றை: தன் மக்கள் எதற்குப் பயப்படுகிறார்கள், யாரைக் கூப்பிடுகிறார்கள் என்று இருவருக்கும் தெரிந்திருந்தது.

1949 ஏப்ரலில் காரைக்குடியில் பிறந்த இராம.நாராயணன், சென்னைக்கு வந்தது பாட்டெழுத. கூட வந்தவர் நண்பர் காஜா. இருவரும் சேர்ந்து ‘ராம்–ரஹீம்’ என்ற பெயரில் வசனம் எழுதினார்கள். அந்தக் காலத்துக் கோடம்பாக்கத்தில் இப்படியொரு கூட்டுப் பெயர் வைக்க யாரும் தயங்கவில்லை, கேட்பவர்களும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. 1981-ல் ‘சுமை’ மூலம் இயக்குநரானார். அதே ஆண்டில் ஏவி.எம். நிறுவனத்துக்காக ‘சிவப்பு மல்லி’. தெலுங்கில் மாதாள ரங்காராவ் தயாரித்து நடித்த ‘எர்ர மல்லெலு’வின் தமிழ் வடிவம் அது. விஜயகாந்தும் சந்திரசேகரும் நடித்தார்கள். ‘சட்டம் ஒரு இருட்டறை’யும் அதே ஆண்டுதான், விஜயகாந்தின் கோபக்கார முகம் நிலைபெற்றது இந்த இரண்டு படங்களுக்கு இடையில்தான் என்று சொல்லலாம். புராணப் படங்களுக்கும் குடும்பப் படங்களுக்கும் பேர்போன ஏவி.எம்.மின் உருண்டைச் சின்னத்துக்குப் பிறகு பண்ணையாரை எதிர்த்துச் செங்கொடி பறந்தது இன்று நினைத்தாலும் வேடிக்கைதான்.

அந்த எண்பதுகளில் அவர் எடுக்காத வகை இல்லை. ‘கரிமேடு கருவாயன்’ போன்ற நாட்டார் வீரக் கதை, ‘மக்கள் ஆணையிட்டால்’ போன்ற அரசியல் படம், எஸ்.வி.சேகரை வைத்து ‘சகாதேவன் மகாதேவன்’, ‘தங்கமணி ரங்கமணி’ என்ற சிரிப்புப் படங்கள். பெரும்பாலானவற்றுக்கு இசை சங்கர்–கணேஷ். பெரிய ஹீரோவின் கால்ஷீட்டுக்காகக் காத்திருக்கும் வழக்கம் இல்லை. கிடைத்த நடிகர், கிடைத்த தேதி, கிடைத்த பங்களா. ஸ்ரீதேனாண்டாள் பிலிம்ஸ் என்ற சொந்த நிறுவனம் படத்தைத் தயாரிக்கவும் செய்தது, விநியோகிக்கவும் செய்தது. தயாரிப்பாளரும் விநியோகஸ்தரும் இயக்குநரும் ஒரே வீட்டில் இருந்தால், எந்த ஊர்க் கொட்டகையில் எந்த ரீல் ஓடும்போது பெண்கள் எழுந்து போகிறார்கள் என்ற தகவல் நேராக எழுத்து மேசைக்கு வந்துவிடும். இந்த வசதி பெரிய பெரிய இயக்குநர்களுக்குக்கூட அப்போது கிடையாது.

அவர் பிறகு கைவைத்த மிருகப் பட வகை புதிதொன்றும் இல்லை. சாண்டோ சின்னப்பா தேவர் அந்த வயலை ஏற்கெனவே உழுது வைத்திருந்தார். 1967-ல் ‘தெய்வச் செயல்’ என்று யானைகளை வைத்து ஒரு படம் எடுத்தார், அதையே மெருகேற்றி 1971-ல் ராஜேஷ் கன்னாவை வைத்து ‘ஹாத்தி மேரே சாத்தி’யாக்கியபோது இந்தியா முழுக்க ஓடியது, மறு ஆண்டே எம்.ஜி.ஆரை வைத்து ‘நல்ல நேரம்’. பாம்புக்கு ‘வெள்ளிக்கிழமை விரதம்’, ஆட்டுக்கு ‘ஆட்டுக்கார அலமேலு’. வடக்கேயிருந்து இன்னொரு கை: உடுப்பிப் பக்கத்தில் பிறந்து, கன்னடத்தில் தொடங்கி, மதராஸில் உட்கார்ந்து தெலுங்கில் மாயாஜாலப் படங்களாகக் குவித்த பி.விட்டலாச்சார்யா. 1978-ல் வந்த அவருடைய ‘ஜகன்மோகினி’ தமிழில் டப் ஆகி, தரை டிக்கெட்டுக்காரர்களைப் பல ஊர்களில் தூங்கவிடாமல் செய்தது. பேய் தன் காலையே அடுப்புக்குள் விறகாக நீட்டிச் சமைக்கும் காட்சியைப் பார்த்தவர்கள் யாரும் மறக்கவில்லை. கால்ஷீட்டில் தகராறு செய்கிற நடிகரை விட்டலாச்சார்யா சாபம் கொடுத்துக் கிளியாகவோ ஆடாகவோ மாற்றிவிட்டுப் படத்தை முடித்துவிடுவார் என்று கோடம்பாக்கத்தில் ஒரு வேடிக்கைப் பேச்சு உண்டு. பொய்யாக இருந்தாலும், அந்த வகைப் படத்தின் பொருளாதாரம் முழுக்க அந்தப் பேச்சில் இருக்கிறது.

தேவரிடமிருந்து மிருகம், விட்டலாச்சார்யாவிடமிருந்து மாயம். இரண்டையும் சேர்த்து நடுவில் ஒரு குழந்தையை உட்கார வைத்தது இராம.நாராயணனின் பங்கு.

1990-ஐப் பாருங்கள். ‘ஆடி வெள்ளி’யில் சீதா, நிழல்கள் ரவி, கூடவே யானையும் பாம்பும். ‘துர்கா’வில் பேபி ஷாமிலி, கனகா, குரங்கு, நாய். மணிரத்னத்தின் ‘அஞ்சலி’ வந்ததும் அதே ஆண்டுதான். அதற்காக ஷாமிலிக்குத் தேசிய விருது கிடைத்தது. ஒரே குழந்தையை மணிரத்னம் மங்கலான ஒளியில் வைத்து நகரத்து அடுக்குமாடியை அழவைத்தார், இராம.நாராயணன் பளீரென்ற வெளிச்சத்தில் குரங்குக்குப் பக்கத்தில் வைத்துக் கிராமத்துக் கொட்டகையைக் கைதட்ட வைத்தார். விமர்சகர்கள் எந்தப் படத்தைப் பற்றி எழுதினார்கள் என்று சொல்ல வேண்டியதில்லை. ஆனால் ‘துர்கா’ கன்னடத்துக்கு ‘பைரவி’யாகப் போய் அங்கேயும் அதே ஷாமிலியை வைத்து ஓடியது.

இங்கேதான் அவருடைய கணக்கு தெரிகிறது. நட்சத்திரத்துக்கு எல்லை உண்டு. மதுரையில் மாலை போடுகிற ஹீரோவைப் புவனேஸ்வரத்தில் யாருக்கும் தெரியாது. யானைக்குத் தாய்மொழி இல்லை. குரங்குக்கு உதட்டசைவு பொருத்த வேண்டாம். பாம்பு எந்த மாநிலத்திலும் பாம்புதான். அம்மனுக்கு மட்டும் அந்தந்த ஊரில் ஒரு பெயர் உண்டு. அதை மாற்றினால் போதும். ‘பான் இந்தியா’ என்று இப்போது நூற்றுக்கணக்கான கோடி கொட்டிச் செய்வதை, அவர் ஒரு குரங்குப் பயிற்சியாளரோடு இரண்டு வண்டியில் செய்து முடித்தார்.

மிருகத்தை நடிக்க வைப்பது என்பது பாதிக்கு மேல் எடிட்டிங் மேசையில் நடக்கும் வேலை. குரங்கு எதையோ உற்றுப் பார்க்கிறது. பயிற்சியாளர் கையில் இருக்கிற வாழைப்பழத்தையாக இருக்கும். அந்த ஷாட்டுக்கு முன்னால் வில்லன் பாலில் விஷம் கலப்பதை ஒட்டினால், குரங்குக்கு உண்மை தெரிந்துவிட்டது என்று கொட்டகையே நம்பும். பின்னால் குழந்தை பால் டம்ளரை எடுப்பதை ஒட்டினால், “தட்டி விடு, தட்டி விடு” என்று முன்வரிசைக் குரல் கேட்கும். ஆயிரம் புத்தகம் எழுதி விளக்குகிற சினிமா இலக்கணம் இது. நம் ஊரில் இதை யாரும் இலக்கணம் என்று சொல்லவில்லை, குரங்குப் படம் என்று சொன்னார்கள்.

ஆனால் அந்தக் குரங்கு என்ன பாடு பட்டிருக்கும் என்ற கேள்வியை விட்டுவிட முடியாது. அந்தக் காலத்துப் படப்பிடிப்புகளில் மிருகங்களுக்கென்று கண்காணிப்பு எதுவும் பெரிதாக இருந்ததில்லை. வாய் தைத்த பாம்பு, சங்கிலிக் காயத்தோடு யானை என்பதெல்லாம் நம் வித்தைக்காரர் தெருவிலேயே பழகிய காட்சிகள், சினிமா அங்கேயிருந்துதான் தன் மிருகங்களை எடுத்தது. 1998-ல் மத்திய அரசு கரடி, குரங்கு, புலி, சிறுத்தை, சிங்கம் ஆகியவற்றைப் பழக்கி வித்தை காட்டத் தடை விதித்தது. சர்க்கஸ்காரர்கள் நீதிமன்றம் போனார்கள். 2001-ல் உச்ச நீதிமன்றம் தடை சரியே என்றது. அதே ஆண்டில் வந்த விதிகள், சினிமாவில் எந்த மிருகத்தைக் காட்டினாலும் பதிவும் அனுமதியும் வேண்டும் என்றன. அதற்குப் பிறகு தமிழ்ப் படத்தில் ஒரு காளை ஓடினாலும் ‘கணினி வரைகலை’ என்று ஓரத்தில் எழுத்து ஓடுகிறது. நல்ல சட்டம். அந்த நல்ல சட்டம்தான் ஒரு திரைப்பட வகையின் முதுகெலும்பையும் முறித்தது என்பதும் உண்மை.

இராம.நாராயணன் கையைப் பிசைந்துகொண்டு உட்காரவில்லை. அதற்கு முன்பே காற்று திசை மாறியிருந்தது. 1995-ல் கோடி ராமகிருஷ்ணா தெலுங்கில் எடுத்த ‘அம்மோரு’, தமிழில் ‘அம்மன்’ ஆகி வந்து, சௌந்தர்யாவையும் ரம்யா கிருஷ்ணனையும் ஊர் ஊராகக் கொண்டுபோய்ச் சேர்த்தது. நம் ஊர்க் கண்கள் பார்த்த முதல் பெரிய கணினி அம்மன் அது. திரையரங்கு வாசலில் வேப்பிலை கட்டுவதும், சின்னதாகச் சிலை வைத்துக் கற்பூரம் காட்டுவதும், உச்சக் காட்சியில் சிலருக்கு அருள் வருவதும் மறுபடி ஆரம்பித்தன. கையில் திரிசூலம் வைத்திருக்கும் நடிகைக்குப் பின்னால் ஒளிவட்டம் போட இனிமேல் மாஸ்க் ஷாட் எடுத்து லேபில் காத்திருக்க வேண்டாம், ஒரு கம்ப்யூட்டர் போதும் என்பதை இராம.நாராயணன் கவனித்துக்கொண்டார்.

2000-லிருந்து மூன்று நான்கு ஆண்டுகள் வரிசையாக அம்மன்கள். ‘ராஜ காளியம்மன்’, ‘பாளையத்து அம்மன்’, ‘நாகேஸ்வரி’, ‘கோட்டை மாரியம்மன்’, ‘அன்னை காளிகாம்பாள்’. ரம்யா கிருஷ்ணன், மீனா, ரோஜா என்று அன்றைய முன்னணி நடிகைகளுக்குக் கதாநாயகனைவிடப் பெரிய வேடம் கிடைத்த படங்கள் அவை. ஹீரோவின் பின்னால் ஆடிவிட்டுப் போவதற்குப் பதில் ஹீரோவையே காப்பாற்றுகிற வேடம். அந்தக் காலக் கதாநாயகிகளுக்கு வேறு எந்த வகைப் படம் இதைக் கொடுத்தது என்று யோசித்துப் பார்க்கிறேன். சட்டென்று ஒன்றும் நினைவுக்கு வரவில்லை.

இவற்றில் ‘பாளையத்து அம்மன்’ தனி. 2000-ஆம் ஆண்டு தீபாவளிக்கு ‘தெனாலி’, ‘பிரியமானவளே’ போன்ற பெரிய படங்களோடு மோதி வந்தது. கதையின் முடிச்சு மிக எளியது: கோயிலுக்கு வந்த தாயின் கையிலிருந்து குழந்தை தவறி உண்டியலில் விழுந்துவிடுகிறது. உண்டியலில் விழுந்தது சாமிக்குச் சொந்தம். எனவே குழந்தையும் அம்மனுக்கு. எந்தத் திரைக்கதைப் பள்ளியிலும் இவ்வளவு சுருக்கமான, இவ்வளவு கொடூரமான முடிச்சைச் சொல்லித்தர முடியாது. பெற்றவளுக்கும் தெய்வத்துக்கும் ஒரே பிள்ளை.

அந்த முடிச்சு எவ்வளவு ஆழமாக இறங்கியிருந்தது என்பது 24 ஆண்டு கழித்துத் தெரிந்தது. 2024 டிசம்பரில், பழைய காஞ்சிபுரம் மாவட்டத்திலேயே இருந்த திருப்போரூரில், கந்தசாமி கோயில் உண்டியலில் பக்தர் ஒருவரின் ஐபோன் தவறி விழுந்தது. உண்டியலில் விழுந்த பொருள் கோயிலுக்குத்தான் என்று அறநிலையத் துறை 1975-ஆம் ஆண்டு விதியைக் காட்டியது. தகவல்களை மட்டும் எடுத்துக்கொள்ளலாம் என்றது. தமிழ்நாடு முழுவதும் ஒரே நேரத்தில் ஒரே படத்தை நினைத்தது. செய்தி வாசிப்பவர்கள் முதல் கேலிப்படம் போடும் பையன்கள் வரை ‘பாளையத்து அம்மன்’ என்றார்கள். விதி எண்ணை ஒருவரும் நினைவில் வைக்கவில்லை, படத்தை நினைவில் வைத்திருந்தார்கள். விருது வாங்கிய எத்தனை தமிழ்ப் படங்களுக்கு இந்தப் பாக்கியம் கிடைத்திருக்கிறது?

இனி அரசியல். 1989 தேர்தலில் இராம.நாராயணன் தி.மு.க. சார்பில் காரைக்குடியில் வென்று சட்டமன்றத்துக்குப் போனார். ஆட்சி 1991 ஜனவரியில் கலைக்கப்படும் வரை உறுப்பினர். மேலே சொன்ன ‘ஆடி வெள்ளி’யும் ‘துர்கா’வும் அந்த இடைக்காலத்தில் வந்தவை என்பதைக் கவனியுங்கள். ‘பராசக்தி’யில் கோயிலை நீதிமன்றக் கூண்டில் ஏற்றிய கட்சியின் சட்டமன்ற உறுப்பினர், அதே அம்மனைத் திரையில் ஏற்றி வில்லனைச் சம்ஹாரம் செய்துகொண்டிருந்தார். கட்சி கண்டுகொள்ளவில்லை, மக்களும் கண்டுகொள்ளவில்லை. தமிழ்நாட்டில் பகுத்தறிவும் கூழ் வார்த்தலும் ஒரே தெருவில் குடியிருப்பவை என்பது அவரைவிட வேறு யாருக்குத் தெரியும்?

இதை வெறும் சந்தர்ப்பவாதம் என்று தள்ள எனக்கு மனமில்லை. ‘சிவப்பு மல்லி’யையும் ஓர் அம்மன் படத்தையும் அடுத்தடுத்துப் பாருங்கள். ஊரைச் சுரண்டும் பணக்காரன் அப்படியே இருக்கிறான். அதே மீசை, அதே அடியாட்கள், பெண்களின் மேல் அதே கை. பாதிக்கப்படும் பெண்ணும் அப்படியே. தண்டிப்பது யார் என்பது மட்டும் மாறியிருக்கிறது. 1981-ல் சங்கம் கூடித் தண்டித்தது. 1990-ல் பாம்பு தண்டித்தது. 2000-ல் கிராஃபிக்ஸில் பத்துக் கை முளைத்த அம்மன் தண்டித்தாள். அரிவாள் போய்த் திரிசூலம் வந்தது. சங்கம் ஜெயிக்கும் என்ற நம்பிக்கை ரசிகருக்கு எந்த ஆண்டில் போனது என்று சமூகவியல்காரர்கள் தேடட்டும். இந்தப் படங்களின் வெளியீட்டுத் தேதிகள் அவர்களுக்கு உதவும். காவல் நிலையமும் நீதிமன்றமும் இந்தப் படங்களில் எப்போதும் தாமதமாகத்தான் வரும். அம்மன் மட்டும்தான் நேரத்துக்கு வருவாள்.

படங்களின் தரம் பற்றிப் பூசி மெழுக வேண்டாம். பல படங்கள் ஒரே அச்சு. நகைச்சுவைத் தடம் கதையோடு ஒட்டாமல் தனியாக ஓடும். உடல் குறையையும் கறுப்பு நிறத்தையும் சிரிப்புக்கு வைத்துக்கொள்வார்கள். அடிபட்டும் பொறுத்துப்போகும் மனைவிக்கே அம்மன் அருள் கிடைக்கும். எதிர்த்துப் பேசும் மனைவிக்கு இரண்டாம் பாதியில் பாடம் கிடைக்கும். கிராஃபிக்ஸ் பல இடங்களில் கல்யாண வீடியோ தரம்தான். குழந்தை நடிகர்கள் பெரியவர்களின் இரட்டை அர்த்த வசனத்துக்கு நடுவில் நிற்பதைப் பார்க்கையில் இன்று சங்கடமாக இருக்கிறது. ஹோண்டா ஒரு மிருகத்தைக் கொல்லும்போது அதற்காகவும் கொஞ்சம் துக்கப்படுவார். ‘காட்ஸில்லா’வின் முடிவில் வெற்றிக் கூச்சலுக்கு இடமில்லை. நம்மவருக்கு அந்த நிதானம் வாய்க்கவில்லை. வில்லன் எரிந்தவுடன் குடும்பப் புகைப்படத்துக்கு எல்லோரும் சிரித்தாக வேண்டும்.

2006-க்குப் பிறகு அவர் பெரும்பாலும் தயாரிப்பாளர் சங்கத் தலைவராகவே அறியப்பட்டார். 2011-ல் ஆட்சி மாறியதும் அந்தப் பொறுப்பிலிருந்து விலகினார். இதற்கு நடுவில் 2010-ல் ‘குட்டிப் பிசாசு’. பேய் புகுந்த கார் ஒன்று ரோபோவாக எழுந்து நின்று பழிவாங்கும் கதை. சங்கீதா, ரம்யா கிருஷ்ணன் நடித்தது. தெலுங்கில் ‘கார மஜாகா’, கன்னடத்தில் ‘பொம்பாட் கார்’ என்று மூன்று மொழியில். ஹாலிவுட்டில் கார்கள் ரோபோவாக மாறி மூன்று ஆண்டுதான் ஆகியிருந்தது. நம் ஊர்க் காருக்கு அதற்குள் பேய் பிடித்து, அம்மன் அருளும் கிடைத்துவிட்டது. ஆனால் அந்த ஆண்டு அக்டோபரில் ‘எந்திரன்’ வந்தது. அதைப் பார்த்த குழந்தை திரும்பி வந்து ‘குட்டிப் பிசாசு’ காரைப் பார்த்தால் சிரிக்கும். டூரிங் டாக்கீஸ்கள் அதற்கு முன்பே கல்யாண மண்டபங்களாகவும் குடோன்களாகவும் ஆகியிருந்தன. அவர் கணக்குப் போட்டுவைத்த அந்த ரசிகை இரவுக் காட்சிக்குப் பதில் எட்டரை மணி சீரியலுக்கு உட்கார்ந்துவிட்டாள். 2013-ல் வந்த ‘ஆர்யா சூர்யா’, பவர்ஸ்டார் சீனிவாசனை வைத்து எடுத்த கேலிப் படம், அதுவே கடைசி. 2014 ஜூன் 22 அன்று சிங்கப்பூரில் சிகிச்சை பெற்றுவந்தபோது காலமானார். வயது 65.

ஹோண்டாவின் கடைசிக் காலம் வேறு மாதிரி. 1975-க்குப் பிறகு அவர் படம் இயக்கவில்லை. பழைய சிநேகிதர் அகிரா குரோசாவாவுக்குப் பக்கத்தில் நின்று ‘ககெமுஷா’விலிருந்து ‘மடடாயோ’ வரை உதவினார். 2017-ல் ஆங்கிலத்தில் அவரைப் பற்றித் தடிமனான வாழ்க்கை வரலாறு வந்தது, மார்ட்டின் ஸ்கார்செஸியின் முன்னுரையோடு. 2024-ல் ஒரு காட்ஸில்லா படம் காட்சித் தந்திரங்களுக்காக ஆஸ்கரே வாங்கியது. 125 படம் எடுத்தவருக்கு நம்மிடம் ஒழுங்கான படப்பட்டியல்கூட இல்லை. எந்த மொழி வடிவம் எந்த ஆண்டு, எது நேரடி, எது டப்பிங் என்று இரண்டு பேரைக் கேட்டால் மூன்று பதில் வரும்.

ஆனால் தொழில் அவரை மறக்கவில்லை. அவருடைய மகன் காலத்தில் தேனாண்டாள் நிறுவனம் தன் நூறாவது தயாரிப்பாக 2017-ல் விஜய்யின் ‘மெர்சல்’ படத்தை எடுத்தது. அதே 2017-ல் சன் டிவியில் தொடங்கிய ‘நந்தினி’ சீரியலில் பாம்பும் பழிவாங்கலும் திரும்பி வந்தன. ஒரே நேரத்தில் தமிழிலும் கன்னடத்திலும் படமாக்கி, மற்ற மொழிகளுக்கு டப் செய்தார்கள். கதையை எழுதியவர் சுந்தர் சி. அவருடைய ‘அரண்மனை’ வரிசையிலும் கடைசிப் பத்து நிமிடம் பெரும்பாலும் அம்மன் பொறுப்புதான். 2020-ல் ஆர்.ஜே.பாலாஜி நயன்தாராவை ‘மூக்குத்தி அம்மன்’ ஆக்கினார். அதன் அடுத்த பாகம் சுந்தர் சி. கைக்கு வந்தது. ஒரு வித்தியாசம் உண்டு. இராம.நாராயணன் பெரிய ஹீரோ சம்பளத்தை மிச்சப்படுத்துவதற்காக அம்மனைக் கூப்பிட்டார். இப்போது அம்மன் வேடத்துக்குத்தான் படத்திலேயே பெரிய சம்பளம்.